பொழுதுகட்டி: அறிகுறி பார்த்துக் கோளாறு நீக்கும் முறை

ஓர் அறையின் பொழுதை ஒரே நடையில் கட்டிவைக்கும் பெட்டிதான் பொழுதுகட்டி. அது தகராறு செய்தால் உடனே ஸ்பேனரைத் தேடாதீர்கள். ஒரு நாற்காலியைப் போட்டு உட்கார்ந்து பத்து நிமிடம் காது கொடுத்துக் கேளுங்கள். அறையில் பொழுது முன்னே ஓடுகிறது, பின்னே இழுக்கிறது என்று சொல்லிக் கழற்றிப் போடப்படும் பெட்டிகள் பலவற்றில் கவையும் (தட்டினால் ஒரே சுருதியில் ஒலிக்கும் இரண்டு புய எஃகு) கெட்டிருக்காது, மின்காந்தமும் கெட்டிருக்காது. ஜன்னல் வெயில், தளர்ந்த ஒரு நட்டு, எதிர்ச்சுவர், இவற்றில் ஒன்றுதான் ஆட்டிவைத்திருக்கும். கழற்றி மாட்டியதில் புதிதாக இரண்டு கோளாறு சேர்ந்ததுதான் மிச்சம்.

இந்தக் குறிப்பு இரட்டைக் கவை மாதிரிக்கு உரியது. நடுவில் தாய்க்கவை. மின்காந்தமும், அதற்கு மின்சாரத்தை விட்டு விட்டுத் தரும் தொடுமுனையும் அதை இடைவிடாமல் அதிர வைக்கின்றன. அதன் காம்பு, ஒரு முனை திறந்த மரப்பெட்டியின் மேல் நிற்கிறது. ஆறு மீட்டர் தள்ளி, கட்டு எட்டும் எல்லையில், அதே அளவு பெட்டியின் மேல் காவல்கவை. அதற்கு மின்சாரம் கிடையாது. பக்கத்தில் வெண்கலக் கிண்ணமும் அதன் அடியில் பன்னிரண்டு கோடு போட்ட இறுக்கத் திருகும். தாய்க்கவையின் நாதம் கிண்ணத்தில் விழுந்து, எல்லைப் பொழுதை நடுப்பொழுதோடு சேர்த்துக் கட்டுகிறது.

இரண்டு கவைக்கும் அதிர்வெண் 256 ஹெர்ட்ஸ். இரண்டால் எட்டு முறை வகுத்தால் மீதியில்லாமல் ஒன்றில் வந்து நிற்கும் எண் அது. ஒரு நொடியை அதிலிருந்து சுத்தமாகப் பிரித்தெடுக்கலாம். குவார்ட்ஸ் கடிகாரத்தின் 32,768 கூட இதே குடும்பம்தான், பதினைந்து முறை வகுபடும். உடைந்த கவைக்குப் பதிலாக வாத்தியக்காரர்கள் வைத்திருக்கும் 440 கவையை மாட்டிப் பார்க்கிறவர்கள் உண்டு. மூன்று முறை வகுத்ததும் அது 55-ல் முட்டிக்கொள்ளும். பெட்டி நன்றாகப் பாடும், பொழுது மட்டும் கட்டுப்படாது.

விம்மலை எண்ணுவது எப்படி

எல்லாம் சரியாக இருக்கிறதா என்பதற்கு ஒரு சுருக்கமான சோதனை உண்டு. காவல்கவையைத் தட்டாமல் அதன் பெட்டி வாயில் காதை வையுங்கள். தாய்க்கவைக்கு ஒத்ததிர்ந்து அது தானாக முனகிக்கொண்டிருந்தால் கோளாறு இல்லை. இரண்டின் அதிர்வெண்ணும் ஒன்றாக இருந்தால்தான் அந்த முனகல் வரும்.

முனகவில்லையென்றால் காவல்கவையை ரப்பர் சுத்தியால் மெல்லத் தட்டிவிட்டு, நடுவில் வந்து உட்கார்ந்து கேளுங்கள். அதிர்வெண் சற்றே வேறுபட்ட இரண்டு ஒலிகள் சேரும்போது ஓசை எழுந்து அடங்கி, எழுந்து அடங்கிக் கேட்கும். அதுதான் விம்மல். நொடிக்கு எத்தனை விம்மலோ அத்தனை ஹெர்ட்ஸ் வேறுபாடு. எல்லையில் பொழுது மெதுவாக நடந்தால், அங்கிருக்கும் கவை நடுவில் இருப்பவருக்குச் சுருதி இறங்கிக் கேட்கும். 1960-ல் இயற்பியலாளர்கள் பவுண்டும் ரெப்காவும் 22.5 மீட்டர் உயரக் கோபுரத்தில் காமாக் கதிரை வைத்து, ஈர்ப்பினால் காலம் மாறி நடப்பதைக் கண்டுகொண்டதும் இப்படி அதிர்வெண் வேறுபாட்டைப் பார்த்துத்தான். நமக்குக் காது போதும்.

கணக்கு இதுதான். நொடிக்கு 1 விம்மல் என்றால் 256-ல் ஒரு பங்கு பிசகு; மணிக்கு 14 நொடி, நாளுக்கு 5 நிமிடம் 37 நொடி. பத்து நொடிக்கு ஒரு விம்மல் என்றால் மணிக்கு 1.4 நொடி. முதல் எழுச்சியை ‘சுழி’ என்று எண்ணித் தொடங்கி, பத்து வரை ஆகும் நேரத்தைக் குறியுங்கள். முதல் எழுச்சியையே ‘ஒன்று’ என்று எண்ணினால் ஒன்பது இடைவெளிதான் கிடைக்கும், கணக்கு பத்தில் ஒரு பங்கு தவறிவிடும். பத்து விம்மலுக்கு 40 நொடி ஆனால் நொடிக்கு 0.25, மணிக்கு மூன்றரை நொடிப் பிசகு.

எண்ணும்போது நடக்கக் கூடாது. நொடிக்கு ஒரு மீட்டர் வேகத்தில் தாய்க்கவையை விட்டுக் காவல்கவையை நோக்கி நடந்தால், முன்னதன் சுருதி 0.75 ஹெர்ட்ஸ் இறங்கும், பின்னது 0.75 ஏறும். நொடிக்கு ஒன்றரை விம்மல், அதாவது மணிக்கு 21 நொடி, இல்லாத பிசகாகக் காதில் விழும். நின்றதும் மறைந்துவிடும் கோளாறு இந்த வகை.

கைக்கடிகாரம் தாய்க்கவையின் பக்கத்திலேயே இருக்கட்டும். எல்லையில் வைத்து எண்ணினால் அந்தக் கடிகாரமும் அங்கே நடக்கும் பொழுதோடு சேர்ந்து நடக்கும், அது எதையும் காட்டிக்கொடுக்காது.

அறிகுறி 1: விம்மல் சீராகக் கேட்கிறது, நிற்கவே இல்லை

அதிகம் வரும் புகார் இது. மூன்று காரணங்கள் ஒரே மாதிரி ஒலிக்கும்: வெப்பம், கவையின் சுருதி பிசகியது, உண்மையிலேயே பொழுது பிசகியது. இவற்றைப் பிரித்தறியாமல் இறுக்கத் திருகைத் தொட்டால், இல்லாத பிசகைச் சரிசெய்யப் போய் நல்ல பொழுதை வளைத்துவிடுவீர்கள்.

முதலில் வெப்பம். எஃகுக் கவை ஒரு டிகிரி செல்சியஸ் சூடேறினால் அதன் அதிர்வெண் ஏறத்தாழ பத்தாயிரத்தில் ஒரு பங்கு இறங்கும். 256-க்கு அது 0.03 ஹெர்ட்ஸுக்குச் சற்றுக் குறைவு. காவல்கவை ஜன்னலோரம் வெயிலில் நின்று, தாய்க்கவையைவிட ஐந்து டிகிரி கூடுதல் சூடாக இருந்தால் ஏழெட்டு நொடிக்கு ஒரு விம்மல் வரும். மணிக்கு இரண்டு நொடி பிந்துவதுபோல் தோன்றும். உண்மையில் ஒன்றும் பிந்தவில்லை. இரண்டு பெட்டி மேலும் வெப்பமானியை வைத்துப் பாருங்கள். ஒரு டிகிரிக்கு மேல் வித்தியாசம் இருந்தால் திரையை இழுத்துவிட்டு, அரை மணி நேரம் கழித்து மறுபடி எண்ணுங்கள். தாய்க்கவைக்கு மின்காந்தச் சூடு உண்டு என்பதால், இயக்கிய முதல் அரை மணியில் வரும் எந்த எண்ணிக்கையையும் நம்ப வேண்டாம்.

வெப்பம் சமமான பிறகும் விம்மல் இருந்தால், காவல்கவையைப் பெட்டியோடு தூக்கி வந்து தாய்க்கவையின் பக்கத்திலேயே வையுங்கள். சூடு ஒன்றாக அரை மணி விட்டு, தட்டிக் கேளுங்கள். இந்த ஒரு சோதனையைச் செய்யாமல் மேலே போகவே கூடாது. ஒரே இடத்தில் இருக்கும் இரண்டு கவைக்கும் பொழுது ஒன்றுதான். அங்கேயும் விம்மல் கேட்டால் குற்றம் கவையில். அங்கே நின்றுபோய், எல்லைக்குக் கொண்டுபோனதும் திரும்பி வந்தால் குற்றம் பொழுதில்.

குற்றம் கவையில் என்றால் புயங்களில் இருக்கும் நகரும் எடைகளைச் சரிசெய்ய வேண்டும். எடை நுனிப் பக்கம் போனால் சுருதி இறங்கும், அடிப் பக்கம் வந்தால் ஏறும். இரண்டு புயத்திலும் ஒரே அளவு நகர்த்துங்கள், ஒரு தடவைக்கு அரை மில்லிமீட்டர் போதும். எந்தப் பக்கம் நகர்த்துவது என்பதற்கு மெழுகுச் சோதனை:

1. இரண்டு புய நுனியிலும் கடுகளவு தேன்மெழுகு ஒட்டுங்கள். மெழுகு சுருதியை இறக்கும்.
2. தட்டி, விம்மலை எண்ணுங்கள்.
3. விம்மல் கூடினால் காவல்கவை ஏற்கனவே இறங்கியிருக்கிறது. குறைந்தால் ஏறியிருக்கிறது.

கடுகு என்றால் கடுகுதான். மிளகளவு ஒட்டினால், ஏறியிருந்த கவை சுழியைத் தாண்டி மறுபக்கம் இறங்கிவிடும், விம்மல் கூடியதாகத் தெரியும், முடிவு தலைகீழாகும். சந்தேகமாக இருந்தால் மெழுகைப் பாதியாக்கி மறுபடி செய்யுங்கள்.

அரத்தைத் தொடவே வேண்டாம். நுனியை ராவினால் சுருதி ஏறும், புயங்கள் சேரும் கவட்டை ராவினால் இறங்கும் என்பது சரிதான். ஆனால் ராவிய எஃகு திரும்பி ஒட்டாது. கவட்டில் துரு ஏறியிருந்தால் எண்ணெய்த் துணியால் துடையுங்கள், உப்புத்தாள் போடாதீர்கள். அதுவும் மெதுவான அரம்தான்.

குற்றம் பொழுதில் என்றால் இப்போதுதான் இறுக்கத் திருகு. எல்லையில் வைத்து அதே மெழுகுச் சோதனையைச் செய்யுங்கள். மெழுகு வைத்ததும் விம்மல் கூடினால் எல்லையில் பொழுது பிந்துகிறது: திருகை வலப்பக்கம் இறுக்குங்கள். குறைந்தால் முந்துகிறது: இடப்பக்கம் தளர்த்துங்கள். ஒரு கோட்டுக்கு நொடிக்கு 0.1 விம்மல், அதாவது மணிக்கு 1.4 நொடி. ஒரு கோடு நகர்த்திவிட்டு ஒரு நாழிகை, 24 நிமிடம், காத்திருங்கள். கட்டு பரவ அவ்வளவு நேரம் ஆகும். காத்திராமல் அடுத்தடுத்து நான்கு கோடு திருகினால் நாலும் சேர்ந்து வந்து விழும். கடைசியில் மெழுகைச் சுரண்டி எடுக்க மறக்காதீர்கள். மறந்த மெழுகுதான் அடுத்த வாரத்துப் ‘புதிய கோளாறு’.

அறிகுறி 2: விம்மல் ஒழுங்கில்லாமல் கூடிக் குறைகிறது

இது பெரும்பாலும் விம்மலே அல்ல. மின்விசிறியை நிறுத்துங்கள், சுழலும் இறக்கை ஒலியை வெட்டி வெட்டி அனுப்பும். பிறகு தலையை அசைக்காமல் கேளுங்கள். சுவரில் பட்டுத் திரும்பும் ஒலியால் அறைக்குள் உரத்த இடமும் அடங்கிய இடமும் மாறி மாறி அமைந்திருக்கும், தலை சற்று நகர்ந்தாலே ஓசை ஏறி இறங்கும்.

இரண்டும் இல்லையென்றால் கவை நிற்கும் திசையைப் பாருங்கள். அதிரும் கவையைக் காதருகே பிடித்து ஒரு முழுச் சுற்று திருப்பினால் நான்கு கோணங்களில் ஓசை ஏறக்குறைய மறையும். பெட்டி இருந்தாலும் இந்தக் குணம் முழுவதும் போகாது. காம்பு தளர்ந்து கவை மெல்லத் திரும்பிக்கொண்டிருந்தால் அந்தக் கோணங்களைக் கடக்கும்போதெல்லாம் நாதம் மங்கும். புயத்தின் அகன்ற முகம் தாய்க்கவையைப் பார்க்கும்படி நிறுத்தி, காம்பு நட்டை இறுக்குங்கள்.

அறிகுறி 3: பொழுது திக்குகிறது

ஊற்றும் தண்ணீர் விட்டு விட்டு விழும். பேச்சில் ஓரெழுத்து விழுங்கப்படும். ஊசல் நடுவில் ஒரு கணம் தயங்கும். தொடுமுனை கரிபிடித்திருக்கிறது. நொடிக்கு 256 முறை தொட்டு விலகும் முனை அது. ஒவ்வொரு விலகலிலும் சிறு தீப்பொறி. தாய்க்கவை சில அதிர்வுகளுக்கு ஊட்டம் இல்லாமல் ஓடிவிட்டு மறுபடி பிடித்துக்கொள்கிறது, அந்த இடைவெளிதான் திக்கல்.

மின்சாரத்தை அணைத்து, கவை முழுவதும் அடங்கிய பிறகு, தடித்த வெள்ளைத் தாளின் ஒரு கீற்றைத் தொடுமுனைக்குள் நுழைத்து இழுங்கள். கறுப்புக் கோடு வராத வரை புதுக் கீற்று மாற்றி மாற்றி இழுங்கள். பிறகு தொடுமுனைக்குக் குறுக்கே இருக்கும் 0.1 மைக்ரோஃபாரட் மின்தேக்கியைப் பாருங்கள். தீப்பொறியை அடக்குவது அதுதான். அது செத்திருந்தால் இன்று துடைத்த முனை நாளை மறுபடி கறுக்கும். துடைப்பதோடு விட்டுவிடுகிறவர்கள்தான் மாதாமாதம் துடைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

அறிகுறி 4: நாதம் மெலிகிறது, எல்லை உள்ளே சுருங்குகிறது

ஆறு மீட்டர் வரை எட்டவேண்டிய கட்டு நாலு மீட்டரிலேயே தளர்ந்துவிடும். பெட்டியைச் சந்தேகியுங்கள். ஒரு முனை மூடிய பெட்டி அலைநீளத்தில் கால்வாசி நீளம் இருந்தால்தான் கவையோடு ஒத்ததிரும். 20 டிகிரியில் ஒலியின் வேகம் நொடிக்கு 343 மீட்டர். 256-க்கு அலைநீளம் 134 செ.மீ., கால்வாசி 33.5. அலை திறந்த வாய்க்கு வெளியேயும் சற்று நீள்வதால் கழிக்கும் வாய்த்திருத்தம் 2.4 செ.மீ. போக உள்நீளம் 31.1 செ.மீ. வரவேண்டும். 35 டிகிரியில் வேகம் 352 ஆகிவிடுவதால் அதே பெட்டிக்கு 32 செ.மீ. தேவை. உள்நீளத்தைக் கூட்டிக் குறைக்கும் நீட்டுப்பலகை இதற்காகத்தான் இருக்கிறது. பனிக்காலத்தில் நிறுத்திய இடத்திலேயே கோடைக்கும் விட்டுவைத்தால் நாதம் மெலியாமல் என்ன செய்யும்? பலகையை மெல்ல நகர்த்தி, ஓசை மிக உரத்துக் கேட்கும் இடத்தில் நிறுத்துங்கள்.

அதிலும் மீளவில்லையென்றால் மூலை இணைப்புகளை விரல் கணுவால் தட்டுங்கள். நல்ல இணைப்பு ‘டொக்’ என்னும், விட்டுப்போனது ‘சளக்’ என்னும். மரப்பசை வைத்துக் கவ்வி போட்டு ஒரு நாள் காயவிடுங்கள். பெட்டியும் நன்றாக இருந்தால் புயங்களில் எடை சமமாக இருக்கிறதா பாருங்கள். சமமில்லாத கவை காம்பையே உலுக்கும். அதிர்வு பெட்டி மேசை தரை என்று வழிந்து, கவை சீக்கிரம் களைத்துவிடும்.

அறிகுறி 5: ஒரே கணம் இரண்டு முறை வருகிறது

வைத்த டம்ளரை மறுபடி வைப்பீர்கள். கதவு ஒரு தடவை சாத்தி, அதே தடவை இன்னொரு முறை சாத்தும். எதிரொலி இது. திரும்பி வரும் நாதம் 0.1 நொடிக்கு மேல் பிந்தினால் காது அதைத் தனி ஒலியாகப் பிரித்துக் கேட்கும். கிண்ணமும் அதைத் தனிக் கணமாக எண்ணிக்கொள்ளும். அதற்குச் சுவர் குறைந்தது 17 மீட்டர் தள்ளி இருக்கவேண்டும். எனவே மண்டபம், நீண்ட தாழ்வாரம், வெறுங்கிடங்கு போன்ற இடங்களில் மட்டும் வரும். பெட்டியின் வாயை அந்தச் சுவருக்குப் பக்கவாட்டில் திருப்புங்கள். சுவரில் கனத்த திரை அல்லது பாய் தொங்கவிடுங்கள். சிறிய அறையில் இப்படி ஒன்று நடந்ததாகச் சொன்னால், கதவு திறந்திருந்து அதற்கப்பால் தாழ்வாரம் இருக்கிறதா என்று பாருங்கள்.

அறிகுறி 6: ஒரு மூலை மட்டும் பின்தங்குகிறது

இதற்குத் தாய்ப்பெட்டியை இங்கும் அங்கும் நகர்த்திக் களைத்துப்போகிறவர்கள் அதிகம். வீண் வேலை. சுவரில் பட்டுத் திரும்பும் அலையின் அடங்கிய இடங்கள் சுவரிலிருந்து அளந்து வைத்ததுபோல் இருக்கும்: முதல் இடம் 33.5 செ.மீ. தள்ளி, அதன் பிறகு 67 செ.மீ.க்கு ஒன்று. ஒலி எங்கிருந்து வந்தாலும், சுவரை நேராக நோக்கி வரும்வரை, இது பெரிதாக மாறாது. சுவரிலிருந்து ‘ஓர் அடி விட்டு’ வைக்கும் வழக்கத்தால் கிண்ணம் சரியாக முதல் அடங்கிய இடத்திலேயே போய் உட்கார்ந்திருக்கும். பெட்டியை விட்டுவிட்டுக் கிண்ணத்தை நகர்த்துங்கள்: சுவரை ஒட்டி, அல்லது 67 செ.மீ. தள்ளி.

அறிகுறி 7: உள்ளே பொழுது இரட்டிப்பு வேகம்

உள்ளே இருப்பவருக்குத் தெரியாது. வெளியே பேசுகிறவர் குரல் ஒரு ஸ்தாயி கீழிறங்கி, பாதி வேகத்தில் கேட்டால் இதுதான். கவை மிக உரக்க அதிரும்போது அதன் காம்பு 512 ஹெர்ட்ஸில் பெட்டியைத் தட்டத் தொடங்கும். கிண்ணம் அந்த மேல்ஸ்தாயியைப் பிடித்துக்கொண்டுவிட்டது. ஊட்டத்தைக் குறையுங்கள். புய நுனியின் அசைவு கண்ணுக்கு மங்கலாகத் தெரிந்தால் போதும், விசிறிபோல் விரியக் கூடாது. கிண்ணத்தின் மேல் உள்ளங்கையை வைத்து அடக்கி, மூன்று எண்ணி விடுங்கள், 256-க்குத் திரும்பிவிடும்.

உலோகச் சுத்தியால் தட்டினால் வரும் ‘கிணீர்’ வேறு. அது கவையின் மேற்சுரம், அடிப்படைச் சுருதியைப் போல் ஆறேகால் மடங்கு, சுமார் 1600 ஹெர்ட்ஸ். சில நொடிகளில் அதுவே அடங்கிவிடும், பயப்பட ஒன்றுமில்லை. சுத்தியை மட்டும் மாற்றுங்கள்.

அறிகுறி 8: பொழுது கல்லாகிறது

வெயில் கீற்றில் தூசி மிதக்காமல் நிற்கும். குழாய்ச் சொட்டு நீண்டு தொங்கும், விழாது. திருகு எட்டாம் கோட்டைத் தாண்டியிருக்கும். ஒரு நாழிகைக்கு ஒரு கோடாகத் தளர்த்துங்கள். ஒரேயடியாக விட்டால் கிண்ணம் விரியும். வெள்ளீயம் மிகுந்த மணி வெண்கலம் நன்றாக ஒலிக்கும், ஆனால் வளையாது, வெடிக்கும். தட்டினால் தகரச் சத்தம் வரும் கிண்ணத்துக்கு வைத்தியம் இல்லை, மாற்றத்தான் வேண்டும்.

அறிகுறி 9: முழு ஊமை

தாய்க்கவை நின்றால் கட்டு ஒரு நாழிகை வரை தானாகத் தாங்கும். அதற்குள் பதறி, கவையைத் தட்டி எழுப்பக் கூடாது. முதலில் இறுக்கத் திருகைக் கோடு கோடாகச் சுழிக்குக் கொண்டுவாருங்கள். நாதமே இல்லாதபோது கோட்டுக்கு ஒரு நாழிகை காத்திருக்கத் தேவையில்லை, ஒரு நிமிடம் போதும். திருகு இறுகியிருக்க நாதம் திடீரென்று திரும்பினால் எல்லை வெட்டி இழுக்கும்; மேசையில் இருப்பதெல்லாம் தரையில்.

பிறகு மல்டிமீட்டர். மின்கலத்தில் 6 வோல்ட் இருக்கவேண்டும், 5-க்குக் கீழே போயிருந்தால் மாற்றுங்கள். மின்காந்தச் சுருளின் இரு முனையிலும் மின்தடையை அளங்கள்; முடிவிலி காட்டினால் கம்பி அறுந்திருக்கிறது. இரண்டும் சரியென்றால் மிச்சம் தொடுமுனை. கவை ஓய்ந்திருக்கும்போது முனை தொட்டுக்கொண்டிருக்கவேண்டும். தொட்டால்தான் மின்காந்தம் இழுக்கும், இழுத்தால்தான் முனை விலகும், விலகினால்தான் கவை திரும்பி வரும். ஓய்விலேயே இடைவெளி இருந்தால் சுற்று தொடங்கவே தொடங்காது. இடைவெளியில் தாள் தடையில்லாமல் நுழைகிறதென்றால் முனைத் திருகைக் கால் சுற்று உள்ளே கொடுங்கள். தாள் மெல்லப் பிடிபடவேண்டும்.

இயக்குங்கள். நாதம் எழுந்த பிறகு அரை மணி விட்டு, காவல்கவையின் பெட்டி வாயில் காதை வையுங்கள். முனகல் வந்திருந்தால் திருகைப் பழைய கோட்டுக்கு, நாழிகைக்கு ஒன்றாக, ஏற்றலாம். பழைய கோடு எது என்று கிண்ணத்தின் அடியில் பென்சிலால் குறித்து வைத்திருக்கிறீர்கள்தானே? இல்லையென்றால் அறிகுறி 1-லிருந்து தொடங்குங்கள்.